ஏகாம்பரத்தின் கையில் இருந்த தார்க்குச்சி

1. ஓடாத கடிகாரங்கள்

ஆர்பிட்டராக நான் வேலை பார்த்த முதல் நாள் காலையில், மன்றத்திடம் இருந்த நான்கு செஸ் கடிகாரங்களில் இரண்டு ஓடவில்லை. ஒன்றைத் தட்டினால் ஓடியது. மற்றொன்றைப் படுக்கவைத்தால் ஓடியது. படுத்திருக்கும் கடிகாரத்தின் பொத்தானை ஆட்டக்காரர்கள் எப்படி அழுத்துவார்கள் என்று கேட்டேன். "நீ சமாளிப்பா" என்றார் தலைவர். சங்கத் தலைவர்கள் போடும் உத்தரவுகள் எல்லாம் இந்த ஒரு சொல்லில் அடங்கிவிடும். நான் சமாளித்தேன். அன்று தொடங்கி, ரிடையர் ஆகும்வரை அதையேதான் செய்துகொண்டிருந்தேன்.

இது அறுபதுகளின் கடைசியில். அப்போது எனக்கு வயது முப்பது. காஞ்சிபுரத்தில் ஒரு அரசு அலுவலகத்தில் குமாஸ்தா. செஸ் சுமாராக ஆடுவேன். சுமார் என்பதே பெருமைக்குச் சொல்வது. ஆனால் மதராஸிலிருந்து வரவழைத்த விதிப் புத்தகம் ஒன்று என்னிடம் இருந்தது. ஊரில் வேறு யாரிடமும் அது இல்லை. புத்தகம் வைத்திருந்த காரணத்தால் என்னை ஆர்பிட்டர் ஆக்கிவிட்டார்கள். ஆர்பிட்டர் என்றால் போட்டியின் நடுவர். யார் யாரோடு ஆடுவது என்று பேரிங் போடுவதும், தகராறு வந்தால் தீர்ப்புச் சொல்வதும், கடைசியில் ரிசல்ட்டை ரிஜிஸ்டரில் எழுதுவதும் அவர் வேலை. நாற்காலி போடுவதும் அவர் வேலைதான், ஆனால் அது புத்தகத்தில் இருக்காது.

மன்றம் சின்ன காஞ்சிபுரத்தில் ஒரு சத்திரத்து மாடியில் நடந்தது. கீழே கல்யாணம் என்றால் மேளச் சத்தத்துக்கு நடுவே ஆட வேண்டும். கருடசேவை அன்று ஆட்டமே கிடையாது, மாடி முழுக்க வெளியூர் ஜனம் படுத்திருக்கும். தலைவர் ஒரு வக்கீல். மாடியைச் சும்மா வாங்கிக் கொடுத்தவரும், அந்த நான்கு கடிகாரங்களை வாங்கித் தந்தவரும் அவர்தான். குதிரை எப்படிப் போகும் என்று அவருக்குக் கடைசிவரை தெரியாது. அவருடைய மகன் மாதவன் நன்றாகவே ஆடுவான். இதை இப்போதே சொல்லிவிடுகிறேன். பின்னால் வருவதைப் படித்துவிட்டு, அப்பா தயவில் ஆடியவன் என்று யாரும் அவனை நினைத்துவிடக் கூடாது.

புதிதாக ஆர்பிட்டர் பரீட்சை எழுதிய பிள்ளைகள் சில பேர் என்னைப் பார்க்க வருகிறார்கள். "சார், உங்க சர்வீஸ்ல மறக்க முடியாத மேட்ச் எது?" என்று கேட்கிறார்கள். பேப்பரில் போட்டோ வந்த பெரிய ஆட்டக்காரர்களின் பெயர்களை எதிர்பார்க்கிறார்கள். நானும் ஒன்றிரண்டு பெயரைச் சொல்லி, காபி கொடுத்து அனுப்பிவிடுவேன். உண்மையான பதில் வேறு. அதைத்தான் எழுதுகிறேன்.

2. கை எடுத்தால்தான் ஆட்டம்

ஏகாம்பரம் பிள்ளையார்பாளையத்தில் பட்டு நெய்பவன். என்னைவிட நான்கு வயது இளையவன். சொந்தத் தறி கிடையாது, ஒரு முதலாளிக்குக் கூலிக்கு நெய்தான். அவன் தெருவில் செஸ் ஆடுகிறவர்கள் பத்துப் பேராவது இருந்தார்கள். முதலாளியிடமிருந்து தறியில் ஏற்றப் புதுப் பாவு நூல் வந்துசேராத நாட்களில், காலையில் பலகையை விரித்தால் வெயில் ஏறும்வரை எழுந்திருக்க மாட்டார்கள்.

அந்தத் தெரு ஆட்டத்துக்கு ஒரு வழக்கம் உண்டு. காயைத் தொடலாம், தூக்கலாம், வேறு கட்டத்தில் வைத்துப் பார்க்கலாம், பிடிக்கவில்லை என்றால் பழைய இடத்துக்கே கொண்டு வரலாம். காயிலிருந்து கையை எடுத்தால்தான் ஆட்டம். அதுவரை அது வெறும் யோசனை. போட்டி விதி இதற்கு நேர் எதிர். உன் காய் ஒன்றைத் தொட்டுவிட்டால் அதைத்தான் ஆட வேண்டும். காய் கோணலாக இருக்கிறது, நேராக்க வேண்டும் என்றால், தொடுவதற்கு முன்னால் 'அட்ஜஸ்ட்' என்று வாய்விட்டுச் சொல்ல வேண்டும். சொல்லாமல் தொட்டால் டச் மூவ்.

ஏகாம்பரம் முதல்முதலாக எங்கள் டவுன் போட்டிக்கு வந்தபோது, ஜெயிக்க வேண்டிய இரண்டு ஆட்டங்களை டச் மூவில் தோற்றான். இரண்டிலும் தீர்ப்புச் சொன்னவன் நான். அவன் கோபப்படவில்லை. ஆட்டம் முடிந்ததும் என் மேசைக்கு வந்து நின்றான்.

"சார், நான் யோசிக்கிறதே கையாலதான். கைய கட்டிப்போட்டா எப்படி சார் யோசிக்கிறது?"

"மனசுல யோசிக்கணும்பா."

"மனசுக்கு அவ்ளோ பழக்கம் இல்ல சார்" என்று சிரித்தான்.

அவன் சொன்னது விளையாட்டுக்கு இல்லை என்று அவன் நெய்வதை ஒருமுறை பார்த்தபோதுதான் எனக்குப் புரிந்தது. குறுக்கு நூல் ஓட நாடாவைத் தள்ளுவான், தறிப் பலகையை அடிப்பான், நான்கு இழைக்கு ஒருமுறை விரல் நுனி துணியின் மேல் ஓடி வரும். எங்காவது ஓர் இழை கோணியிருந்தால் விரல் அதை நேராக்கிவிட்டுத் திரும்பும். கண் அப்போது வேறு எங்கோ இருக்கும். என்னோடு பேசிக்கொண்டேகூட இதைச் செய்தான். இப்போது எதை நேராக்கினாய் என்று கேட்டால் அவனுக்குச் சொல்லத் தெரியவில்லை.

அடுத்த வருஷப் போட்டிக்கு வந்தபோது வலது கையில் ஒரு தார்க்குச்சி வைத்திருந்தான். குறுக்கே ஓடும் ஊடை நூலைச் சுற்றி நாடாவுக்குள் போடும் சின்னக் குச்சி அது, விரல் நீளம் இருக்கும். மாடியில் இருந்தவர்கள் கிண்டல் செய்தார்கள். "இன்னா ஏகாம்பரம், தறியையும் எடுத்துக்கினு வந்திருக்கலாமே" என்றார்கள்.

"கைக்கு ஒரு வேல குடுத்துட்டேன் சார்" என்று என்னிடம் சொன்னான். "அது பாட்டுக்கு இத்த உருட்டிக்கினு கெடக்கும். காய்ங்க பக்கம் போவாது. எங்க ஊட்டுக்காரிதான் பொறுக்கி எடுத்துக் குடுத்தா."

ஆட்டம் முழுவதும் அந்தக் குச்சி அவன் வலது விரல்களுக்குள் மெதுவாகச் சுழன்றுகொண்டிருக்கும். சத்தம் வராது. எதை ஆடுவது என்று முடிவு செய்ததும் குச்சியை இடது கைக்கு மாற்றிக்கொண்டு வலது கையால் காயை நகர்த்துவான். குச்சி கை மாறினால் ஆட்டம் வரப்போகிறது என்று எதிரில் இருப்பவருக்கே தெரியும். அந்த வருஷமும் அதற்கடுத்த இரண்டு வருஷங்களும் டவுன் சாம்பியன் அவன்தான். தார்க்குச்சி வந்த பிறகு ஒரு டச் மூவ்கூட அவன் மேல் விழவில்லை.

அவனுக்கு இங்கிலீஷ் தெரியாது. ஸ்கோர் ஷீட்டில் ஆட்டத்தை எழுத வேண்டும் என்பதற்காகவே காய்களுக்கான இங்கிலீஷ் எழுத்துகளை மட்டும் கற்றுக்கொண்டான். மதராஸிலிருந்து ஒரு பெரிய ஆட்டக்காரர் எங்கள் மாடிக்கு வந்து ஒரே நேரத்தில் இருபது பேரோடு ஆடினார். பத்தொன்பது பேர் தோற்றோம், அவன் ஒருவன் ஜெயித்தான். வந்தவர் அவனிடம் கை கொடுத்துவிட்டு, "எந்த பேங்க்ல இருக்கீங்க?" என்று கேட்டார். நன்றாக ஆடுகிறவன் பேங்கில்தான் இருப்பான் என்பது அந்தக் காலத்துக் கணக்கு.

நானும் அவனோடு எத்தனையோ முறை ஆடியிருக்கிறேன். ஒன்றில்கூட ஜெயித்ததில்லை. பொறாமை இருந்ததா என்று யாராவது கேட்டால், இருந்தது. குறைத்துச் சொல்வதற்கு இந்த வயதில் எனக்கு எந்தக் காரணமும் இல்லை.

3. ஆடுவதே டூட்டி

மாநிலப் போட்டிக்கு ஏகாம்பரம் ஒருமுறை தேர்வாகியிருந்தான். போகவில்லை. ஒன்பது நாள் வெளியூரில் தங்க வேண்டும். தறியில் ஒரு முகூர்த்தப் புடவை பாதியில் நின்றது. முதலாளி முடியாது என்றுவிட்டார்.

"ஒம்போது நாள் தறி சும்மா நின்னா, பாவ கழட்டி வேற ஆளுக்குக் குடுத்துடுவாரு சார். திரும்பி வந்து நான் எங்க உக்கார்றது?" என்றான். அவனுக்குப் பதிலாக மாதவன் போனான்.

எழுபதுகளின் தொடக்கத்தில் உலக சாம்பியன் ஆட்டத்தைப் பேப்பர்களில் முதல் பக்கத்தில் போட ஆரம்பித்தார்கள். செஸ்ஸுக்கும் ஒரு மவுசு வந்தது. மதராஸுக்குப் பக்கத்தில் இயந்திரம் செய்யும் ஒரு பெரிய கம்பெனி, கிரிக்கெட் டீம் போல ஒரு செஸ் டீமும் வைத்துக்கொள்ளலாம் என்று முடிவு செய்தது. அவர்களுடைய ஸ்போர்ட்ஸ் ஆபீசர் எங்கள் மாவட்டப் போட்டியைப் பார்க்க வந்தார். நல்ல மனிதர். எல்லா மேசைகளையும் சுற்றிப் பார்த்துவிட்டு என்னைத் தனியாகக் கூப்பிட்டுப் பேசினார்.

"ஹெல்பர் போஸ்ட் ஒண்ணு இருக்கு சார். படிப்பு அதிகம் கேக்க மாட்டோம். டோர்னமென்ட் வந்தா ஆன் டூட்டி லீவு. ஆனா எனக்கு ஒரு பேப்பர் வேணும். டிஸ்ட்ரிக்ட் சாம்பியன்னு சர்டிபிகேட். அது இருந்தா மேனேஜ்மென்ட்ல நான் பேசிடுவேன்."

அன்று மாலையே ஏகாம்பரத்திடம் இதைச் சொன்னேன். அவனுக்கு முதலில் நம்பிக்கை வரவில்லை.

"ஆடப் போறதுக்கு லீவு குடுப்பாங்களா சார்? சம்பளம் புடிக்க மாட்டாங்களா?"

"மாட்டாங்கப்பா. ஆன் டூட்டின்னா வேலை பாத்த மாதிரிதான் கணக்கு."

"ஆடறதே டூட்டியா?" என்று கேட்டான். திரும்பத் திரும்ப அதையே சொல்லிச் சிரித்தான். மாடிப்படி இறங்கும்போதும் சிரிப்புச் சத்தம் கேட்டது. அவன் அவ்வளவு சிரித்து நான் முன்பும் பார்த்ததில்லை, பின்பும் பார்த்ததில்லை.

நெசவு வேண்டாம் என்று அவன் ஒருநாளும் சொன்னதில்லை. போட்டிக்குப் போக வேண்டும், போய்விட்டு வந்தால் உட்கார ஓர் இடம் இருக்க வேண்டும். அவன் கேட்டது அவ்வளவுதான். மாவட்ட சாம்பியன் ஆனால் இரண்டும் கிடைக்கும்.

எனக்கும் அந்தப் போட்டியில் ஒரு காரியம் ஆக வேண்டியிருந்தது. மாநிலப் போட்டிக்கு ஆர்பிட்டர்கள் எடுத்தார்கள். மாவட்டச் சங்கத்துக்கும் எங்கள் வக்கீல்தான் தலைவர், அவருடைய சிபாரிசுக் கடிதம் வேண்டும். கடிதத்தை நானே டைப் அடித்து அவரிடம் கொடுத்திருந்தேன். கடைசி ரவுண்டு நாளன்று காலை அவர் என் தோளைத் தட்டி, "பிரைஸ் கொடுத்து முடியட்டும், கையெழுத்துப் போட்டுத் தர்றேன்" என்றார். நான் தலையாட்டினேன்.

4. கடைசி ரவுண்டு

ஏழு ரவுண்டுகளில் ஆறு முடிந்திருந்தன. ஏகாம்பரம் ஐந்தரைப் பாயிண்ட். மாதவன் ஐந்து. கடைசி ரவுண்டில் இருவரும் நேருக்கு நேர். ஏகாம்பரத்துக்கு டிரா போதும், மாதவன் ஜெயித்தே ஆக வேண்டும். முதல் போர்டில் ஒழுங்காக ஓடும் கடிகாரத்தை வைத்தேன். கம்பெனிக்காரர் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு பக்கத்திலேயே உட்கார்ந்தார்.

இருபது நகர்த்தல் தாண்டியபோது ஏகாம்பரத்தின் கை ஓங்கியிருந்தது. ஒரு சிப்பாய் கூடுதல். மாதவன் வெகுநேரம் யோசித்தான். பிறகு கையைத் தூக்கி என்னைக் கூப்பிட்டான்.

"சார், இவர் கைல எதையோ உருட்டிக்கிட்டே இருக்கார். என்னால கான்சென்ட்ரேட் பண்ண முடியலை."

"மூணு வருஷமா இவரோட ஆடறியேப்பா. அப்பல்லாம் உருட்டலையா?"

"இப்ப டிஸ்டர்பன்ஸா இருக்கு."

இதற்குள் வக்கீல் எழுந்து வந்துவிட்டார். அவர் விஷயத்தைக் கேட்டுக்கொண்டு, "அதுல ஏதாவது எழுதி வெச்சிருக்கப் போறான், வாங்கிப் பாரு" என்றார். ஏகாம்பரம் தானாகவே குச்சியை நீட்டினான். வாங்கிப் பார்த்தேன். விரல் பட்டுப் பட்டு வழவழப்பான குச்சி, ஒரு நுனியில் அரக்குப் பட்டு நூல் இரண்டு சுற்று. வேறு ஒன்றும் இல்லை.

"ஒண்ணும் இல்லை சார்" என்றேன்.

"இல்லைன்னா சந்தோஷம். ஆனா வம்பு எதுக்கு? நீயே வாங்கி வெச்சுடு. வெளியாள் பாத்துக்கிட்டிருக்கார் பாரு."

விதிப் புத்தகம் என் சட்டைப் பையில் இருந்தது. எதிராளியைத் தொந்தரவு செய்யக் கூடாது என்று அதில் உண்டு. சத்தமில்லாமல் ஒரு குச்சியை உருட்டுவது தொந்தரவா என்று முடிவு செய்ய வேண்டியவன் நான். தொந்தரவு இல்லை என்று எனக்குத் தெரியும். அந்தக் குச்சி எதற்காக அவன் கையில் இருக்கிறது என்பதும் அந்த மாடியில் இருந்த எல்லோரையும்விட எனக்கு நன்றாகத் தெரியும்.

"ஏகாம்பரம், இது என் மேசை மேல இருக்கட்டும்பா" என்றேன்.

அவன் என்னை நிமிர்ந்து பார்த்தான். "சார், அது எதுக்குன்னு உங்களுக்குத் தெரியும் இல்ல?"

"தெரியும்பா. ஆனா அது வெச்சுக்கலாம்னு புக்ல இல்லையே."

வைத்துக்கொள்ளக் கூடாது என்றும் புத்தகத்தில் இல்லை. அதை நான் சொல்லவில்லை. அவனுக்குப் படிக்கத் தெரியாத பாஷையில் இருந்த புத்தகத்தைக் காட்டி அவன் வாயை அடைத்தேன். குச்சியைக் கொண்டுபோய் என் மேசையில் பேரிங் கார்டுகளுக்குப் பக்கத்தில் வைத்தேன். ஆட்டம் தொடர்ந்தது.

ஏகாம்பரம் வலது கையைத் தொடைக்குக் கீழே வைத்து அதன்மேல் உட்கார்ந்துகொண்டான். ஏழெட்டு நகர்த்தல் அப்படியே போயிற்று. ஆடும்போது கையை எடுப்பான், ஆடிவிட்டு மறுபடி வைப்பான். அப்போது நிலைமை இதுதான்: அவனுடைய யானையைக் குறிவைத்து மாதவனின் பிஷப் மூலையில் நின்றது. இரண்டுக்கும் நடுவே ஏகாம்பரத்தின் குதிரை. குதிரை நகராதவரை யானைக்கு ஆபத்தில்லை. நகர்ந்தால் யானை போய்விடும். அந்தக் குதிரையை இப்போதைக்கு ஆடக் கூடாது என்பது வேடிக்கை பார்த்த எல்லோருக்கும் தெரிந்திருந்தது.

மாதவன் ஒரு சிப்பாயை நகர்த்தினான். அதை எழுதுவதற்காக ஏகாம்பரம் கையை எடுத்தான். எழுதி முடித்து பென்சிலைக் கீழே வைத்தான். கண் பலகையின் மறுபக்கத்தில் இருந்தது. அந்தக் குதிரையின் முகம் கொஞ்சம் பக்கவாட்டில் திரும்பியிருந்தது. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் போய் அதைப் பிடித்து நேராகத் திருப்பின. பிறகு கை மடிக்குத் திரும்பிவிட்டது.

"ஆர்பிட்டர், டச் மூவ்" என்று மாதவன் கடிகாரத்தை நிறுத்தினான்.

"இன்னா தொட்டேன்?" என்று கேட்டான் ஏகாம்பரம். அவன் நடிக்கவில்லை. அவனுக்கு உண்மையிலேயே தெரியவில்லை. மாதவன் குதிரையைக் காட்டினான். ஏகாம்பரம் குதிரையைப் பார்த்தான், தன் விரலைப் பார்த்தான், பிறகு இரண்டு கஜம் தள்ளி நின்றிருந்த என்னைப் பார்த்தான்.

"கோணலா இருந்துது சார். நேரா வெச்சேன்."

"அட்ஜஸ்ட்னு சொன்னியா?"

"இல்ல சார்."

மூன்றாவது ரவுண்டில் மாதவனே ஒரு பிஷப்பை ஒன்றும் சொல்லாமல் நேராக்கினான். எதிரில் ஆடிய ஸ்கூல் வாத்தியார் பேசாமல் இருந்தார், பார்த்துக்கொண்டிருந்த நானும் பேசாமல் இருந்தேன். அது எனக்கு அப்போது ஞாபகம் வந்தது. ஆடுவதற்காகத் தொடவில்லை, நேராக்கத்தான் தொட்டான், நானே பார்த்தேன் என்று சொல்லியிருக்கலாம். எச்சரித்துவிட்டு ஆட்டத்தைத் தொடரச் செய்திருக்கலாம். கண்ணால் பார்த்த ஆர்பிட்டர் அப்படிச் சொன்னால் அதன்மேல் யாரும் பேச முடியாது. வக்கீல் சுவரோரமாகக் கைகட்டி நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"குதிரையத்தான் ஆடணும்பா" என்றேன்.

அவன் வாதாடவில்லை. குதிரை போகக்கூடிய ஐந்து கட்டங்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்தான். ஒன்றிலும் செக் கிடையாது, ஒன்றிலும் யானை தப்பாது. ஒரு கட்டத்தில் வைத்தான். பிஷப் யானையை எடுத்தது. இன்னும் நான்கு நகர்த்தல் ஆடிப் பார்த்துவிட்டு, தோல்வியை ஒப்புக்கொண்டு ராஜாவைச் சாய்த்தான். மாதவனுக்குக் கை கொடுத்தான். ஸ்கோர் ஷீட்டில் தமிழில் கையெழுத்துப் போட்டு என்னிடம் தந்துவிட்டுப் படி இறங்கிப் போனான். தார்க்குச்சியைக் கேட்கவில்லை. பிரைஸ் வாங்கவும் வரவில்லை.

5. பேங்க் ஆபீசரின் யானை

மாதவன் மாவட்ட சாம்பியன். அந்த ஹெல்பர் வேலை அவனுக்கு எதற்கு? அவன் சட்டம் படிக்கப் போய்விட்டான். மாநிலப் போட்டியில் கடைசியிலிருந்து மூன்றாவதாக வந்தான், அதற்குப் பிறகு பலகையைத் தொட்டதாகத் தெரியவில்லை.

கம்பெனிக்காரர் கிளம்பும்போது நான் அவர் பின்னாலேயே போனேன். "ரெண்டாவதா வந்தவரை எடுத்துக்க முடியாதா சார்?" என்று மென்று விழுங்கிக் கேட்டேன்.

"எனக்கே ஆசையா இருக்கு சார். அவர்தான் பெட்டர் பிளேயர். ஆனா சாம்பியன்னு பேப்பர் இல்லையே. நீங்கதானே சார் ரிசல்ட் எழுதினீங்க?" என்றார். குத்திக்காட்டிச் சொல்லவில்லை. சாதாரணமாகத்தான் சொன்னார். அந்த வேலை வேறு மாவட்டத்துக்காரர் ஒருவருக்குப் போயிற்று.

என் சிபாரிசுக் கடிதம் அன்று மாலையே கையெழுத்தாகி வந்தது. அடுத்த வருஷம் நான் மாநில ஆர்பிட்டர். கோட்டு ஒன்று தைத்துக்கொண்டேன்.

அந்த மாநிலப் போட்டியின் இரண்டாவது ரவுண்டில், ஒரு பேங்க் ஆபீசர் தன் யானையைத் தொட்டுவிட்டு வேறு காயை நகர்த்தினார். எதிரில் ஆடியவர் மில் தொழிலாளி. டச் மூவ் கேட்டார். நான் போனேன். பேங்க் ஆபீசர் என்னை நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

"ஐ வாஸ் அட்ஜஸ்டிங்" என்றார்.

"சொன்னீங்களா சார்?"

"அப்வியஸ்லி அட்ஜஸ்டிங். யூ கேன் ஸீ தட்."

"ஆட்டம் தொடரலாம்" என்றேன். அந்த வாக்கியம் என் வாயிலிருந்து அவ்வளவு சுலபமாக வந்தது. மில் தொழிலாளி பலகையின் மேல் குனிந்துகொண்டார்.  காஞ்சிபுரத்தில் சட்டம் பேசிய அதே வாய் என்று நினைக்க நினைக்க என் மேலேயே எனக்கு அருவருப்பாக இருந்தது.

6. பிள்ளையார்பாளையத்தில்

தார்க்குச்சி ஒரு வருஷமாகக் கடிகாரப் பெட்டிக்குள் கிடந்தது. மாநிலப் போட்டி முடிந்து ஊருக்கு வந்த மறுநாள் அதை எடுத்துக்கொண்டு ஏகாம்பரத்தின் வீட்டுக்குப் போனேன். காலை பத்து மணி இருக்கும். தறிக்குழிக்குள் காலை விட்டு உட்கார்ந்து நெய்துகொண்டிருந்தான். அவன் மனைவி மங்கா வாசல் வெளிச்சத்தில் ராட்டையில் தார்க்குச்சிகளுக்கு நூல் சுற்றிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் அவள் முகம் மாறியது. உட்காருங்கள் என்றோ, தண்ணீர் வேண்டுமா என்றோ கேட்கவில்லை. ராட்டையை நிறுத்தவும் இல்லை.

"இன்னா சார் இவ்ளோ தூரம்?" என்றான் ஏகாம்பரம். நாடாவை நிறுத்திக் கையில் பிடித்துக்கொண்டான்.

"இதை அன்னிக்கு விட்டுட்டு வந்துட்டே" என்று குச்சியை நீட்டினேன்.

"விட்டுட்டு வர்ல சார். நீங்க வாங்கி வெச்சுக்கினீங்க."

குச்சியை வாங்கி, நுனியில் இருந்த அரக்கு நூலைப் பிரித்து எடுத்தான். மனைவியிடம் கொடுத்தான். அவள் அதைக் கூடையில் மற்றக் குச்சிகளோடு போட்டாள். அதன்பிறகு எது அந்தக் குச்சி என்று எனக்கே அடையாளம் தெரியவில்லை.

"இப்பல்லாம் ஆட வர்றதில்லையே" என்றேன்.

"தெருவுல ஆடறேன் சார். இங்க கை எடுத்தாத்தான் ஆட்டம்."

நான் போகலாம் என்று திரும்பியபோது அவனே பேசினான்.

"சார், ஒண்ணு கேக்கறேன். அன்னிக்கு அந்தக் குதிரைய நான் ஆடறதுக்குத் தொட்டேன்னா நீங்க நெனச்சீங்க?"

"இல்லப்பா" என்றேன். "நேராக்கத்தான் தொட்டே. எனக்கு அப்பவே தெரியும்."

அவன் துணியின் பக்கம் திரும்பினான். விரல் நுனி ஓர் இழையின் மேல் ஓடிவிட்டு வந்தது.

"அத்த அங்க சொல்லியிருக்கணும் சார். அத்தினி பேரு இருந்தாங்க, கம்பெனிக்காரரு இருந்தாரு. இங்க வந்து எங்கிட்ட சொல்றீங்க. எனக்குத்தான் தெரியுமே."

நாடாவைத் தள்ளிப் பலகையை அடித்தான். தறிச் சத்தத்தில் அதற்குமேல் பேச முடியாது.  நான் வந்துவிட்டேன்.

பாடம் என்ன என்று கேட்கும் பிள்ளைகளுக்குச் சொல்கிறேன். விதிப் புத்தகத்தை நன்றாகப் படியுங்கள். அதில் தடை என்று எழுதாத எதையும் யார் கையிலிருந்தும் பிடுங்காதீர்கள். தீர்ப்புச் சொல்லும்போது உங்களுக்குத் தெரிந்தது எதுவோ அதை அந்த மேசைக்குப் பக்கத்தில் நின்றபடியே சொல்லுங்கள், சுவரோரம் யார் நின்றாலும் சரி. இதற்கு ஒரு பரீட்சையும் கிடையாது. எனக்கு நடந்த ஒரே பரீட்சையில் நான் தோற்றேன், அதற்குப் பரிசாகத்தான் என்னை மாநில ஆர்பிட்டர் ஆக்கினார்கள்.

ரிடையர் ஆனபோது சங்கத்தில் சால்வை போர்த்தினார்கள். என் பழைய ரிஜிஸ்டர்களை எல்லாம் மேசைமேல் அடுக்கி வைத்திருந்தார்கள். இத்தனை வருஷத்தில் ஒரு தீர்ப்புகூடத் தப்பு என்று அப்பீலில் திரும்பியதில்லை என்று மைக்கில் சொன்னார்கள். அது உண்மைதான். ஏகாம்பரம் அப்பீல் செய்யவில்லை. அப்பீல் செய்யலாம் என்று அவனுக்கு நான் சொல்லவே இல்லை.